ஓலைக்குத் தடை சொன்ன பிலோமினாக்கா

எங்கள் கோயிலில் இப்போது உபதேசியார் வேலை பார்ப்பது ஸ்ரெலா. கிழமை நாட்களில் முன்பள்ளி ஆசிரியை. ஞாயிற்றுக்கிழமை பங்குத்தந்தை வரமுடியாமல் போனால் அவர்தான் பீடத்துக்கு முன்னால் நின்று வழிபாட்டை நடத்துகிறார், பிரசங்கம் சொல்கிறார், சனத்துக்கு நற்கருணை அப்பம் கொடுக்கிறார். நான் முன்வரிசை வாங்கில் இருந்து பிழை பிடிக்கிறேன். ஓய்வு பெற்ற உபதேசியாருக்கு வேறென்ன வேலை? பிழை ஒன்றும் அகப்படாத ஞாயிறுகளில் எனக்கு மத்தியானச் சாப்பாடு சரியாக இறங்குவதில்லை.

அந்த ஸ்ரெலா ஒருநாள் வீட்டுக்கு வந்து, எங்கள் கோயிலின் பங்கு மலருக்கு நான் ஒரு கட்டுரை எழுதவேண்டும் என்றார். தலைப்பையும் கையோடு கொண்டுவந்திருந்தார். 'திருச்சபையில் பொதுநிலையினரின் வளரும் பங்கு.'

"வளருற பங்கைப் பற்றி எழுத, குறுகிக்கொண்டு வாற ஆளைத்தானோ பிடிச்சனீர்?" என்று கேட்டேன்.

"ஐயா, பகிடி வேண்டாம். ஆயர் இல்லத்திலையும் வாசிப்பினம்."

"அப்ப பகிடி கட்டாயம் வேணும் பிள்ளை. அவையும் பாவந்தானே."

பொதுநிலையினர் என்றால் குருவும் இல்லை, கன்னியாஸ்திரியும் இல்லை, மிச்சமாக இருக்கிற சனம். அந்த மிச்சத்தில் ஒருவனாகத்தான் நான் என் காலம் முழுவதும் வேலை செய்தேன். ஸ்ரெலா எதிர்பார்த்தது முன்னேற்றத்தின் கதையை. என்னிடம் இருப்பது வேறு. ஆனாலும் எழுதுகிறேன். அவர் இந்த வேலையில் இன்னும் நெடுங்காலம் நிற்கப்போகிறவர்.

நான் குருவாகத்தான் போகப் பார்த்தேன். சின்னக் குருமடத்தில் சேர்ந்தேன். அங்கே எனக்கு லத்தீன் வரவில்லை, பசி மட்டும் நேரத்துக்கு வந்தது. அனுப்பிவிட்டார்கள். அனுப்பின சுவாமியாரே, இவன் வாய் சும்மா இருக்காது, உபதேசியாராக்கினால் பிரயோசனப்படும் என்று சொல்லி மறைக்கல்விப் பயிற்சிக்குச் சேர்த்துவிட்டார். படித்தது கொஞ்சம். மிச்சத்தை இடம்பெயர்வுகள் கற்பித்தன. மரத்துக்குக் கீழ் செபமாலை சொல்லவும், கூடாரத்துக்குள் குழந்தைக்கு அவசர ஞானஸ்நானம் கொடுக்கவும், பெட்டி இல்லாமல் ஆளைப் புதைக்கவும் எந்தப் பயிற்சி நிலையமும் எனக்குச் சொல்லித் தரவில்லை. அந்தக் காலத்தை இவ்வளவோடு விடுகிறேன். இந்தப் பக்கத்தில் அதைத் தெரியாதவர் இல்லை.

சண்டை முடிந்து ஊருக்குத் திரும்பியபோது கோயிலுக்குக் கூரை இல்லை. பூநகரிப் பக்கத்தில் எங்கள் ஊர். ஒரு பக்கம் களப்புக் கடல், மற்றப் பக்கம் வயல். பங்குத்தந்தைக்கு எங்களைப் போல் பல கிளைக்கோயில்கள். மாரி வந்தால் பாதையில் தண்ணீர் ஏறும், பஸ் நிற்கும், அவருடைய மோட்டார் சைக்கிளும் நிற்கும். அதனால் ஆயர் இல்லம் எனக்கு ஒரு அனுமதி தந்தது: குரு வராத ஞாயிறுகளில் வழிபாடு நடத்தலாம், நற்கருணையும் கொடுக்கலாம்.

அனுமதியை ஆயர் தந்தார். சனம் தரவில்லை. முதல் ஞாயிறு நான் நற்கருணைப் பாத்திரத்தோடு நின்றபோது ஊர்ப் பெரியவர் சந்தியோ அப்பு கைகட்டிக்கொண்டு என் முன்னால் வந்து, என் கையையே உற்றுப் பார்த்தார்.

"நேற்று இந்தக் கையாலைதானே என்ரை ஆட்டுக்குக் கல்லெறிஞ்சனி?"

"கழுவிட்டன் அப்பு."

"ஆட்டையோ, கையையோ?"

வாங்காமலே திரும்பிப் போய்விட்டார். பிறகு பங்குத்தந்தை வந்த ஞாயிறு நாங்கள் இரண்டு வரிசையில் கொடுத்தோம். அவருடைய வரிசை வாசல் தாண்டிப் போனது. என் வரிசையில் என் மனைவி மட்டும் நின்றாள். அவளும் மற்ற வரிசையைத்தான் பார்த்துக்கொண்டு நின்றாள்.

இப்போது ஸ்ரெலாவின் வரிசையில் நெரிபடுகிறார்கள். வளர்ச்சி என்று ஆயர் இல்லத்துக்குச் சொல்ல என்னிடம் இருப்பது அதுதான். இனிச் சொல்லப்போவது வேறு.

அந்தக் காலத்துப் பங்குத்தந்தைக்கு நாங்கள் வைத்த பெயர் 'சுருக்கம் ஃபாதர்'. யார் என்ன சொல்ல வந்தாலும் முதலில், "சுருக்கமாச் சொல்லுங்கோ" என்பார். நெட்டையான மனிதர். மோட்டார் சைக்கிளில் வந்து இறங்கி, ஹெல்மெற்றைக் கழற்றி அதற்குள் கையுறைகளை மடித்து வைத்து, அதை எப்போதும் ஒரே யன்னல் படியில் வைப்பார். பிளேன்ரீயைச் சீனி இல்லாமல் நின்றபடி குடிப்பார். கோபித்து நான் கண்டதில்லை, சிரித்தும் கண்டதில்லை. என் பகிடிகளுக்கு அவர் காட்டும் ஒரே மரியாதை, முடியும் வரை காத்திருப்பது. முடிந்ததும், "சரி, விசயத்துக்கு வாங்கோ" என்பார்.

அவர்தான் ஒரு சனிக்கிழமை அந்த ஓலையை எனக்கு அனுப்பினார்.

வெளியாருக்காக ஒரு வரி. எங்கள் கோயில்களில் கலியாணத்துக்கு முன் மூன்று ஞாயிறு, இன்னாருக்கும் இன்னாருக்கும் விவாகம் நடக்கப்போகிறது, தடை தெரிந்தவர்கள் பங்குத்தந்தைக்கு அறிவிக்கவேண்டும் என்று சனத்துக்கு வாசிப்போம். அதற்கு ஓலை வாசித்தல் என்று பெயர். என் காலத்தில் நூற்றுக்கணக்கில் வாசித்திருப்பேன். தடை சொல்லி யாரும் எழும்பினதில்லை. அந்த நேரத்தில்தான் சனம் இருமும், குழந்தைகளுக்கு மூக்குத் துடைக்கும்.

அந்த ஓலை ரெஜினாவுடையது. ரெஜினா எங்கள் பக்கத்து வளவு, வேலிக்கு அந்தப் பக்கத்து வீடு. அவளும் மகளும் மாமியார் பிலோமினாக்காவோடு இருந்தார்கள். ரெஜினாவின் புருஷன் அருள்தாஸ் கடைசிச் சண்டையில், பதுங்குகுழிக்குள் இவர்களை இருத்திவிட்டு, கைக்குழந்தைக்குக் கஞ்சி வாங்கப் போனவன். போன பக்கத்தில் செல் குண்டு விழுந்தது. ஆள் திரும்பவில்லை. உடலை யாரும் காணவில்லை. பிலோமினாக்காவுக்கு அவன் ஒரே பிள்ளை. அதற்குப் பிறகு மாமியும் மருமகளும் ஒரு குசினியில் சமைத்து, ஒருவரையொருவர் திட்டி, ஒருவருக்காக ஒருவர் அழுது வாழ்ந்தார்கள்.

கலியாணத்தைப் பேசியதும் பிலோமினாக்காதான். மாங்குளத்தில் உழவு இயந்திரம் வைத்து ஓடும் சூசை என்பவரை மடு மாதா கோயில் திருவிழாவில் கண்டு, விசாரித்து, மனைவி செத்தவர், குடி இல்லை, பொம்பிளைப் பிள்ளையையும் சேர்த்துப் பார்ப்பார் என்று உறுதி செய்துகொண்டு வந்து வேலிக்கு மேலால் என்னிடம் சொன்னார்.

"தம்பி, எனக்குக் கண் தெரியிற காலத்திலை இவளை ஒருத்தன்ரை கையிலை குடுத்திடவேணும்."

"உங்களுக்குக் கண் நல்லாத் தெரியுது அக்கா. நேற்று என்ரை முருங்கையிலை ரெண்டு காய் குறைஞ்சு கிடக்கு."

"அது கண் தெரிஞ்சதாலை இல்லை, கை நீண்டதாலை."

அப்படிக் கதைத்துச் சிரித்த மனிசிதான்.

ரெஜினா அரசாங்கத்திடம் மரணப் பத்திரம் எடுத்திருந்தாள். எடுத்ததை மாமியிடம் சொல்லும் துணிவு அவளுக்கு வரவில்லை. நேரே ஃபாதரிடம் கொண்டுபோய்க் கொடுத்தாள். ஃபாதர் அதைப் பார்த்து, வழக்கமான படிவத்தில் ஓலையை எழுதி எனக்கு அனுப்பினார்.

தவக்காலத்து ஞாயிறு. ஃபாதர் வேறு கிளைக்கோயிலில். வழிபாடு முடிகிற நேரம் நான் கடதாசியை எடுத்து, என் குரலில் இருக்கிற இருமலை எல்லாம் எடுத்துவிட்டு வாசித்தேன்.

"மாங்குளத்தைச் சேர்ந்த, காலஞ்சென்ற திரேசம்மாவின் கணவர் சூசைக்கும், எமது ஊரைச் சேர்ந்த, காலஞ்சென்ற அருள்தாஸின் விதவை ரெஜினாவுக்கும்..."

"தம்பி, நில்லு."

பெண்கள் பக்கத்தில் பிலோமினாக்கா எழும்பி நின்றார். கோயில் முழுவதும் திரும்பியது.

"ஆர் செத்தது?"

"அக்கா... இது ஃபாதர் எழுதி அனுப்பினது."

"ஃபாதர் கண்டவரோ?"

நான் கடதாசியைத் திருப்பிப் பின்பக்கத்தையும் பார்த்தேன். ரெஜினா முக்காட்டை இழுத்து முகத்தை மூடிக்கொண்டாள். கடைசியில் நான் கேட்டது இதுதான்:

"அக்கா, அப்ப இந்தக் கலியாணத்துக்கு நீங்கள் தடை சொல்லுறியளோ?"

"கலியாணத்துக்குத் தடையில்லை. பேசினதே நான். அந்தச் சொல்லுக்குத்தான் தடை."

சொல்லிவிட்டு வாங்கில் இருந்துவிட்டார். எந்தப் புத்தகத்திலும் இதற்கு ஒரு வழி எழுதியிருக்கவில்லை. நான் பாட்டுக்குழுவைப் பார்த்துக் கையைக் காட்டினேன். அவர்களும் பதறிப்போய், தவக்காலம் என்பதை மறந்து கிறிஸ்மஸ் பாட்டு ஒன்றைத் தொடங்கிவிட்டார்கள். யாரும் நிறுத்தவில்லை. பாலன் பிறந்தார் என்று பாடிக்கொண்டே சனம் வெளியே போனது.

செவ்வாய்க்கிழமை ஃபாதர் வந்தார். ஹெல்மெற் யன்னலில் ஏறியது. பிலோமினாக்காவைக் கூப்பிட்டு, என்னையும் வைத்துக்கொண்டு கதைத்தார்.

"அம்மா, சுருக்கமாச் சொல்லுறன். உங்கட மகன் உயிரோடை இருந்தா ரெஜினாவுக்கு இன்னொரு கலியாணம் கோயிலிலை செய்யேலாது. செய்யவேணுமெண்டா அவர் இல்லையெண்டு திருச்சபைக்கு நிச்சயம் வேணும். ரெண்டிலை ஒண்டுதான்."

"பிள்ளை கட்டட்டும் சுவாமி."

"அப்ப மகன்?"

"மகன் வருவான்."

"வந்தா?"

"வந்தா நான் சோறு போடுவன். அவள் ஏன் போடவேணும்? அவள் இவ்வளவு காலமும் போட்டுக் காத்திருந்தது காணும்."

ஃபாதர் பிளேன்ரீக் கோப்பையை யன்னல் படியில் வைத்தார். அரசாங்கப் பத்திரம் மட்டும் இனிப் போதாது, சனத்துக்கு முன்னால் தாய் மறுத்துச் சொல்லியிருக்கிறார், ஆயர் இல்லத்துக்கு விசாரணை எழுதித்தான் ஆகவேண்டும் என்றார். கடைசியாகக் கண்டவர்களின் சாட்சி வேண்டும், தாயின் சாட்சி வேண்டும். அதை எழுத அவர் என்னை நியமித்தார்.

"ஃபாதர், நான் பக்கத்து வளவுக்காரன். வேலிக்கு மேலாலை முருங்கைக்காய்க்குச் சண்டை பிடிக்கிற ஆள். இதுக்கு நீங்கள்தான் சரி."

"என்னட்டை அவா, 'ஓம் சுவாமி' எண்டுவா. நான் என்ன சொன்னாலும் 'ஓம் சுவாமி'தான். அது சாட்சி இல்லை. உங்களோடை எண்டா உண்மையைச் சொல்லுவா."

பிறகு எனக்கு எழுதும் முறையைச் சொன்னார். அவர் அவ்வளவு நீளமாகக் கதைத்ததை நான் அன்றுதான் கேட்டேன். சுவிசேஷப் புத்தகத்தில் வலது கையை வைக்கச் சொல்லுங்கோ. கேள்வியைத் தாளில் இருக்கிறபடி கேளுங்கோ, விளக்கம் சொல்லாதேங்கோ. அவா சொல்லுறதை எழுதுங்கோ, நீங்கள் நினைக்கிறதை எழுதாதேங்கோ. அழுதா பேனையைக் கீழை வையுங்கோ. அழுகையை எழுதக்கூடாது. முடிய, முழுவதையும் சத்தமா வாசிச்சுக் காட்டுங்கோ. பிறகுதான் கையெழுத்து. "பகிடி விடாதேங்கோ," என்று கடைசியில் சேர்த்தார். நான் தலையாட்டினேன். எனக்கு அன்று விடுவதற்குப் பகிடி இருக்கவும் இல்லை.

கஞ்சி வரிசையில் அருள்தாஸுக்குப் பின்னால் நின்ற இரண்டு பேர் இருந்தார்கள். ஒருவர் அக்கராயனில் வயல் செய்பவர், மற்றவர் எங்கள் ஊர். அவர்கள் சொன்னதை முதலில் எழுதினேன். செல் எங்கே விழுந்தது, அவன் எங்கே நின்றான், பிறகு அங்கே என்ன இருந்தது என்பதெல்லாம் சொன்னார்கள். அதை இந்த மலரில் எழுதமாட்டேன். எழுதி முடித்து வாசித்துக் காட்டியபோது அக்கராயன்காரர், "இதை அந்தத் தாய்க்கு வாசிச்சுக் காட்டுவியளோ?" என்று கேட்டார். இல்லை, அவரவர் சொன்னது அவரவருக்கு மட்டும் என்றேன். அவர் பெருமூச்சு விட்டுக் கையெழுத்து வைத்தார்.

பிறகு பிலோமினாக்கா வீடு. பின்னேரம். ரெஜினாவையும் மகளையும் என் மனைவி எங்கள் வீட்டுக்குக் கூட்டிக்கொண்டு போய்விட்டாள். முற்றத்தில் இரண்டு கதிரை, நடுவில் ஒரு ஸ்ரூல், அதன் மேல் சுவிசேஷப் புத்தகம். அக்கா குளித்து, கோயிலுக்கு உடுக்கும் சேலை உடுத்திருந்தார். என்னைப் பார்த்து, "என்ன, நீதவான் மாதிரி வந்திருக்கிறாய்," என்றார். அவர் கையைப் புத்தகத்தில் வைத்தார்.

பெயர், வயது, உறவு. சொன்னார். மகனைக் கடைசியாக எப்போது கண்டீர்கள்? சொன்னார். என்ன உடுத்திருந்தார்? நீலச் சாரம், கோடு போட்ட சேட்டு. சேட்டில் மேல் பொத்தான் இல்லை, தைத்துக் கொடுக்க ஊசி கிடைக்கவில்லை என்றார். அதற்குப் பிறகு அவரிடமிருந்தோ அவரைப் பற்றியோ ஏதாவது செய்தி வந்ததா? இல்லை. சாத்திரக்காரர் சொன்னதை எழுதட்டோ என்று கேட்டார். அது வேண்டாம் என்றேன்.

கடைசிக் கேள்வி: உங்கள் மகன் இறந்துவிட்டதாக நம்புகிறீர்களா?

அக்கா கையை எடுக்காமல் எழும்பப் பார்த்தார். முடியவில்லை. பிறகு கையை எடுத்துவிட்டுப் போய், நடந்து திரிந்த கோழிகளைக் கூட்டுக்குள் அடைத்தார். இன்னும் வெளிச்சம் நின்றது. கோழிகள் போகமாட்டோம் என்று நின்றன. ஒவ்வொன்றாகப் பிடித்து உள்ளே விட்டார். திரும்பி வந்து இருந்தார்.

"கையை எடுத்திட்டுச் சொல்லட்டோ தம்பி?"

"எடுத்தா அது சாட்சி இல்லை அக்கா."

"வைச்சுக்கொண்டு சொன்னா?"

"சாட்சி."

"நான் அதைக் கேக்கேல்லை. இதிலை கையை வைச்சு ஓமெண்டு சொன்னா... அது உண்மையாப் போயிடுமோ?"

நான் பேனையைக் கீழே வைத்தேன். அவர் அழவில்லை. ஆனாலும் வைத்தேன். ஒரு குருவானவர் அந்த இடத்தில் ஏதாவது சொல்லியிருப்பார். அவர்களுக்கு அதற்குப் படிப்பு இருக்கிறது. நான் சொன்னது, "எனக்குத் தெரியாது அக்கா," என்பது மட்டும்.

"உனக்கு ஒண்டும் தெரியாது. என்னத்துக்கு உன்னை வைச்சிருக்கினம்?"

"அதைத்தான் என்ரை மனிசியும் கேக்கிறவள்."

அக்காவின் வாய் கொஞ்சம் கோணியது. சிரிப்பு அதற்கு மேல் வரவில்லை. வேலிக்கு அந்தப் பக்கம் ரெஜினாவின் மகள் எங்கள் கிணற்றில் தண்ணீர் அள்ளும் சத்தம் கேட்டது. அக்கா அந்தப் பக்கமே பார்த்துக்கொண்டு கையை மறுபடி புத்தகத்தில் வைத்தார்.

"ஓம்," என்றார்.

தாளில் இருக்கிறபடி நான் எழுதினேன். ஆனால் வாசித்துக் காட்டவேண்டும் என்று ஃபாதர் சொல்லியிருந்தாரே. 'என் மகன் அருள்தாஸ் இறந்துவிட்டதாக நம்புகிறேன்.' அவர் சொன்னது ஒரு சின்ன ஓம். அதை என் குரல் முழு வசனமாக்கி, அவர் முற்றத்திலேயே அவருக்குச் சொன்னது. கேட்டுக்கொண்டிருந்துவிட்டுக் கையெழுத்து வைத்தார்.

நான் தாள்களை மடிக்கும்போது சொன்னார்: "அவன் வந்தானெண்டா முதல் அடி உனக்குத்தான். செத்ததெண்டு எழுதினது நீ."

"வாங்குறதுக்கு ரெடியா நிக்கிறன் அக்கா. வரட்டும்."

"ஓம். வரட்டும்."

அனுமதி வந்தது. மறுபடி ஓலை வாசிக்கவேண்டும், 'காலஞ்சென்ற' என்ற அந்தச் சொல் இல்லாமல் படிவமும் இல்லை. நான் ஃபாதரிடம் கேட்பதற்கு முன்பே அவர் சொல்லிவிட்டார்.

"ஆயரிட்டை ஓலைக்கு விலக்கு வாங்கியாச்சு. வாசிக்கத் தேவையில்லை."

"ஃபாதர், நான் இதைத்தான்..."

"சரி, விசயத்துக்கு வாங்கோ. கலியாணத்துக்கு ஆர் பாட்டு?"

அந்த விலக்கை வாங்க அவர் மழைக்குள் யாழ்ப்பாணம் போய் வந்தார் என்பது எனக்குப் பிறகுதான் தெரியவந்தது. அதைப் பற்றி அவர் ஒரு சொல்லும் சொன்னதில்லை.

உயிர்ப்புப் பெருவிழா முடிந்து கலியாணம் சின்னதாக நடந்தது. ரெஜினாவுக்குத் தாய் இல்லை. முக்காட்டைப் போட்டுவிட்டது பிலோமினாக்காதான். சூசை நல்ல மனிதர். தாலி கட்டியதும் நேரே வந்து அக்காவின் காலில் விழுந்தார். அடுத்த நாள் ரெஜினாவும் மகளும் உழவு இயந்திரப் பெட்டியில் சாமான்களோடு மாங்குளத்துக்குப் போனார்கள். அக்காவையும் வரச்சொல்லிக் கெஞ்சினார்கள். "வீடு பூட்டிக் கிடந்தா வாறவன் எங்கை போறது?" என்று சொல்லி நின்றுவிட்டார்.

பிறகு ஃபாதருக்கு மாற்றம் வந்தது. குருவானவர்களுக்கு அப்படித்தான். ஒரு பங்கில் கேட்டதையெல்லாம் நெஞ்சுக்குள் வைத்துக்கொண்டு அடுத்த பங்குக்குப் போய்விடுவார்கள். உபதேசியாருக்கு மாற்றம் இல்லை ஸ்ரெலா. நீர் எழுதின சாட்சி வேலிக்கு அந்தப் பக்கத்தில் விடியப் புறம் எழும்பி முற்றம் கூட்டும். அந்தச் சத்தம் உமக்குக் கேட்கும்.

அக்கா என்னோடு கதைப்பதை விட்டுவிட்டார். கோபம் என்று சொல்லமுடியாது. என்னைக் கண்டால் குசினிக்குள் போய்விடுவார். கோயிலுக்கு எங்கள் வாசலைக் கடக்காமல் களப்புப் பக்கத்தால் சுற்றிப் போனார். என் முருங்கையில் காய்கள் முற்றி, வெடித்து, காய்ந்து தொங்கின. ஒன்றும் குறையவில்லை. மனைவி கறி கொண்டுபோய்க் கொடுத்தால் வாங்கிக்கொள்வார், கோப்பையைக் கழுவி வேலியில் வைப்பார். வருஷக்கணக்கில் அப்படித்தான் போனது. என் குரலைக் கேட்கும்போதெல்லாம் அவருக்கு அந்த வசனம்தான் கேட்டிருக்கும். அதற்கு நான் என்ன செய்யமுடியும்? ஞாயிறு தோறும் அதே குரலில்தான் சுவிசேஷமும் வாசித்தேன்.

எனக்கு ஓய்வு தருவதென்று முடிவானது. நான் நடத்துகிற கடைசி வழிபாட்டுக்கு முதல் நாள், அக்கா எங்கள் படலையைத் திறந்துகொண்டு வந்தார். உள்ளே வரவில்லை. படலையைப் பிடித்துக்கொண்டே சொன்னார்.

"நாளைக்கு மன்றாட்டிலை ஒரு பேர் வாசிக்கவேணும்."

"சொல்லுங்கோ அக்கா."

"அருள்தாஸ். நாளைக்கு அவன்ரை பிறந்தநாள்."

மன்றாட்டு வேளையில் சனம் தரும் பெயர்களை நாங்கள் இரண்டு வகையாக வாசிப்போம். உயிரோடு இருப்பவர்களுக்கு, அதாவது நோயாளி, பயணம் போனவர், பிறந்தநாள்காரர் ஆகியோருக்கு, சனம் 'ஆண்டவரே, எங்கள் மன்றாட்டைக் கேட்டருளும்' என்று பதில் சொல்லும். செத்தவர்களுக்கு, 'நித்திய இளைப்பாற்றியை அவருக்கு அளித்தருளும்.' மூன்றாவது வகை இல்லை.

"அக்கா, எந்த வகையிலை வாசிக்கிறது?"

"நீ பேரைச் சொல்லு. மிச்சத்தைச் சொல்லச் சொல்லி நான் கேட்டனானோ?"

போய்விட்டார். திருச்சபையின் புத்தகத்தில் அருள்தாஸ் செத்தவன். அப்படி எழுதியது நான், ஓம் சொன்னது அவர். உயிரோடு இருப்பவர்களோடு வாசித்தால் ரெஜினாவின் கலியாணம் என்ன ஆகும்? செத்தவர்களோடு வாசித்தால் படலையைப் பிடித்துக்கொண்டு நின்ற கை என்ன ஆகும்? கேட்பதற்குப் பக்கத்தில் குருவானவர் இல்லை. என் காலம் முழுவதும் என் வேலை அப்படித்தான் இருந்தது.

ஞாயிறு. எனக்குப் பிரியாவிடை என்று கோயில் நிறைந்திருந்தது. மாங்குளத்திலிருந்து ரெஜினா, சூசை, மகள் மூவரும் வந்திருந்தார்கள். பிலோமினாக்காவுக்குப் பக்கத்தில் ரெஜினா, ஆண்கள் பக்கத்தில் சூசை. மன்றாட்டு வந்தது. நோயாளிகளை வாசித்தேன். சனம் பதில் சொன்னது. கிளிநொச்சி ஆஸ்பத்திரியில் இருக்கிற சந்தியோ அப்புவை வாசித்தேன். பதில் சொன்னது. உயிரோடு இருப்பவர்கள் முடிந்தார்கள். செத்தவர்கள் இன்னும் தொடங்கவில்லை. அந்த நடுவில் நின்று வாசித்தேன்.

"அருள்தாஸ். இன்று அவருடைய பிறந்தநாள்."

அவ்வளவுதான் வாசித்தேன்.

ஒருவரும் பதில் சொல்லவில்லை. எந்தப் பதிலைச் சொல்வதென்று சனத்துக்குத் தெரியவில்லை. எல்லாக் கண்களும் முதலில் என்னைப் பார்த்தன, பிறகு ரெஜினாவை, பிறகு ஆண்கள் பக்கத்தில் சூசையை. அக்கா நிமிர்ந்து பீடத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். நான் அடுத்த பெயருக்குப் போய்விடலாம் என்று வாயைத் திறந்தேன்.

ரெஜினாவின் குரல் கேட்டது. மெல்லிய குரல்தான், ஆனால் நடுங்கவில்லை.

"ஆண்டவரே, எங்கள் மன்றாட்டைக் கேட்டருளும்."

தனியே, முழுவதையும் சொல்லி முடித்தாள். அதற்குப் பிறகு ஆண்கள் பக்கத்திலிருந்து ஒரே ஒரு கரகரத்த குரல் அதையே சொன்னது. அது சூசை.

பிறகுதான் கோயில் சொன்னது.